டோனி கார்னெட்டை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது?

கேள்வி: 'கெஸ்' (1969) பார்த்து இரண்டு நாளாக அதே நினைப்பு. இயக்குநர் கென் லோச்சைத் தெரியும். தயாரிப்பாளர் டோனி கார்னெட் யார்? சொல்லுங்களேன்.

பதில்: பர்மிங்காம்காரர், முதலில் நடிகர். பிறகு பிபிசி. 1966இல் அவர் தயாரித்த 'கேத்தி கம் ஹோம்' வீடிழந்த குடும்பத்தின் கதை. ஸ்டுடியோவை விட்டு, 16 மி.மீ. கேமராவோடு தெருவில் இறங்கி எடுத்தார்கள். கடைசியில் பிள்ளைகளைத் தாயிடமிருந்து பிடுங்கும் இடம்... இன்றும் என்னால் முழுசாகப் பார்க்க முடியவில்லை. அதிலிருந்தே தொடங்குங்கள்.

பதில்: இயக்கியும் இருக்கிறார்: 'பிராஸ்டிட்யூட்' (1980), பிறகு 'ஹேண்ட்கன்'. எனக்கென்னவோ, தயாரிப்பாளராகத்தான் அவர் பெரியவர். 90களில் வந்த 'திஸ் லைஃப்' தொடரையும் விட்டுவிடாதீர்கள். ஒரே வீட்டில் இளம் வழக்கறிஞர்கள், அத்தனை உயிரோட்டம்!

கேட்டவர்: ரொம்ப நன்றி. இன்றிரவு கேத்திதான்.