மாய இரவுச் சந்தையில் எதை விலையாக வைப்பது?

பனிக்காடு (தலவாக்கலை):
அனைவருக்கும் வணக்கம். முழுக்க முழுக்கக் கற்பனையான ஓர் உலகத்தில் நடக்கும் நெடுங்கதை ஒன்றை எழுதி வருகிறேன். அந்த உலகத்தில், மலைநடுவே இருக்கும் பெருங்குளம் வற்றி அடிநிலம் தெரிகின்ற சில இரவுகளில் மட்டும், காய்ந்த சேற்றின் மீது ஒரு சந்தை கூடும். தொலைந்த குரல், செத்துப்போன ஆட்டின் மணியோசை, அடுத்த ஆண்டு பெய்யவிருக்கும் மழையில் ஒரு குடம் ஆகியவை அங்கே விற்பனைக்கு இருக்கும். என் சிக்கல் விலைதான். பொற்காசு வைத்துப் பார்த்தேன்; சப்பென்று இருந்தது. நினைவுகளை விலையாக வைத்தபோது, கையெழுத்துப் படியை வாசித்த என் தங்கை, "ஒரு நினைவை எதில் போட்டு நிறுப்பார்கள்?" என்று கேட்டாள். அதற்கு என்னிடம் பதில் இல்லை. உங்கள் யோசனைகளைச் சொல்லுங்கள்.

கீழ்க்கரை (மஸ்கெலியா):
விலையைப் பற்றிப் பிறகு வருபவர்கள் சொல்லட்டும். எனக்குச் சேற்றைப் பற்றித்தான் சொல்லத் தெரியும். மவுசாகலை நீர்த்தேக்கத்தின் அடியில் எங்கள் பழைய ஊர் கிடக்கிறது. கடும் வறட்சியில் நீர் இறங்கும்போது கோயிலும் விகாரையும் பள்ளிவாசலும் இருந்த இடங்கள் மேலே தெரியும். சேறு ஓடு ஓடாக வெடித்திருக்கும். மேலே காய்ந்ததுபோல் தோன்றினாலும் காலை வைத்தால் கணுக்கால்வரை உள்ளே போகும். எங்கள் பெரியவர்கள் அங்கே நடக்கும்போது, சுவரே இல்லாத இடத்தில்கூடப் பழைய கடைவாசலைச் சுற்றிக்கொண்டுதான் போவார்கள். உங்கள் வியாபாரிகளும் தங்கள் பழைய கடை இருந்த இடத்திலேயே உட்காரட்டும். அது போதும், சந்தைக்கு ஒரு வரைபடம் கிடைத்துவிடும்.

கொழுந்துக்கூடை (டிக்கோயா):
தங்கச்சி கேட்ட கேள்வி நியாயமானது. அதற்கான விடை நம் மலையகத் தேயிலைத் தோட்டத்துப் பேச்சிலேயே இருக்கிறது என்று நினைக்கிறேன். நாம் ஒரு நாள் வேலையைப் 'பேர்' என்றுதானே சொல்கிறோம்? குறித்த நிறைக்குக் கொழுந்து எடுத்தால் முழுப்பேர், குறைந்தால் அரைப்பேர். சிறுவயதில் அம்மா, "இன்றைக்கு அரைப்பேர்தான் போட்டார்கள்" என்று சொன்னபோது, அவருடைய பெயரில் பாதியை யாரோ பிடுங்கிக்கொண்டார்கள் என்றே நான் நம்பினேன். உங்கள் சந்தையில் அப்படியே நடக்கட்டும். செல்லம்மா என்பவள் பாதிப்பேரைக் கொடுத்துவிட்டு 'செல்' என்று வீடு திரும்பட்டும். அவளை யார் கூப்பிட்டாலும், போகச் சொல்வதுபோலத்தான் இருக்கும்.

நிறுவையும் அங்கிருந்தே வரட்டும். மழைநாளில் அம்மா இடுப்பில் சுற்றிய படங்குத் துணியோடும் தலையில் கம்பளியோடும் வரிசையில் நிற்பார். கொக்கியில் மாட்டிய சாக்கிலிருந்து தண்ணீர் சொட்டும். முள் ஆடி நிற்பதற்கு முன்பே சாக்குக்கு ஒரு கிலோ, ஈரத்துக்கு இன்னும் இரண்டு என்று கழித்துவிட்டு, மீதியைத்தான் எழுதுவார்கள். ஒரு நாள் பதினெட்டுக்கு அரைக் கிலோ குறைவு என்று அரைப்பேர் போட்டபோது அம்மா ஒன்றும் பேசவில்லை. கம்பளியை மட்டும் பிழிந்தார். கழித்த கொழுந்தும் அதே லொறியில்தான் ஏறும். உங்கள் சந்தையில் கழிக்கப்படும் எழுத்துகள் எங்கே போகின்றன? கதை அங்கேதான் இருக்கிறது.

மலைவாசகர் (பண்டாரவளை):
இரவுச் சந்தை தமிழுக்குப் புதிதல்ல. மதுரைக்காஞ்சியில் பகலில் கூடும் நாளங்காடியும் உண்டு, இரவில் கூடும் அல்லங்காடியும் உண்டு. சிலப்பதிகாரத்துப் புகார் நகரில் வெள்ளிடை மன்றம் என்று ஓர் இடம் வருகிறது. பெயரும் அளவும் பொறித்த பொதிகள் பூட்டோ காவலோ இல்லாமல் வெட்டவெளியில் கிடக்கும். திருடியவன் பொதியைத் தலையில் சுமந்தபடி, இறக்கவும் முடியாமல் வெளியேறவும் முடியாமல் சுற்றிக்கொண்டே இருப்பான். காவலாளி இல்லாத அந்த ஒழுங்கு உங்கள் சந்தைக்கு நன்றாகப் பொருந்தும்.

கொழுந்துக்கூடை அவர்களின் யோசனை எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது, ஆனால் ஓர் எச்சரிக்கை. தராசுக்காரனை அப்படியே அரக்கனாக்கிவிடாதீர்கள். அவனைக் கொன்றால் தீர்ந்தது என்று வாசகர் நினைத்துவிடுவார். தராசு சரியாகவே நிறுக்கட்டும். கழிவு மட்டும் சந்தையின் சட்டமாக இருக்கட்டும். நாயகி ஏன் எழுந்து போய்விடக் கூடாது என்ற கேள்விக்குத் 'துண்டு' இருக்கிறது. தொழிலாளியின் கடன் எவ்வளவு என்று எழுதித் தரும் அந்தச் சீட்டு இல்லாமல் அவர் வேறு தோட்டத்தில் வேலைக்குச் சேர முடியாது; கடனை அடைப்பவரிடமே ஆளும் போய்ச் சேருவார். 1921 இல்தான் அந்த முறை ஒழிந்தது. சேற்றிலிருந்து கரையேறவும் ஒரு துண்டு வேண்டும் என்று வைத்துப் பாருங்கள்.

பனிக்காடு (தலவாக்கலை):
மூவருக்கும் நன்றி. பொற்காசுகளை நேற்றிரவே கதையிலிருந்து அடித்து நீக்கிவிட்டேன். கொழுந்துக்கூடை அக்கா, அம்மா கம்பளியைப் பிழிந்ததை எழுதிக்கொள்ள அனுமதி தாருங்கள்.

பெயர் என்றதும் எங்கள் அப்பாயியின் நினைவு வந்தது. பிறப்புச் சான்றிதழில் 'மாரியாயி', அடையாள அட்டையில் 'மரியாய்', ஊழியர் சேமலாப நிதிப் பத்திரத்தில் 'மாரியி' என்று அவருக்கு மூன்று பெயர்கள். அந்தப் பணத்தை எடுப்பதற்கு, மூவரும் ஒருவரே என்று சத்தியக் கடதாசி முடித்துக்கொண்டு பல மாதங்கள் அலைந்தார். என் சந்தைக்கு இப்போது ஒரு கிழவி வருகிறாள். மற்றவர்களுக்கு ஒரு பெயர்தான். அவளிடம் மூன்று இருக்கின்றன, மூன்றும் பிழையானவை. லயத்தில், அதாவது தோட்டத்து வரிசை வீடுகளில், எல்லாரும் அவளைக் கூப்பிடும் நான்காவது பெயர் எந்த ஏட்டிலும் இல்லை, ஆகவே தராசுக்கு அது தெரியாது. மூன்றில் எதை முதலில் தட்டில் வைப்பாள் என்பதை மட்டும் இன்னும் முடிவு செய்யவில்லை.

கொழுந்துக்கூடை (டிக்கோயா):
தாராளமாக எழுதுங்கள் தம்பி. அடையாள அட்டையில் இருப்பதை முதலில் வைக்கட்டும். அந்தப் பெயரில் அவளை யாருமே கூப்பிட்டிருக்க மாட்டார்கள்.