மறு: மறு: ஹீரோயிக் கப்ளெட்டுக்குக் கலைச்சொல் – வெள்ளிக்குள் வேண்டும்

அனைவருக்கும் வணக்கம்.
ஆங்கில இலக்கிய வரலாற்றுப் பாடநூலில் 1700 முதல் 1744 வரையிலான இயல் வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. அலெக்சாண்டர் போப் பெரும்பாலும் கையாண்ட ‘ஹீரோயிக் கப்ளெட்’ யாப்புக்குச் சொல் வேண்டும். ஈரடி, அடிக்கு 10 அசை, ஐந்து அழுத்தம். ஈற்றில் ஒலி ஒன்றும், பொருளும் பெரும்பாலும் அங்கேயே முடியும். முன்வரைவில் ‘வீரக்குறள்’ என்றிருக்கிறது. சரிதானா?

- - -

> ‘வீரக்குறள்’

வேண்டாம் அம்மா. குறள் என்றால் நாற்சீரும் முச்சீரும். போப்பின் இரண்டடியும் ஒரே அளவு. வீரமும் பொருந்தாது. 1711இல் திறனாய்வைப் பற்றியும் 1733-34இல் மனிதனின் இயல்பைப் பற்றியும் இதே யாப்பில்தான் எழுதினார். நம்மிடம் ‘கண்ணி’ இருக்கிறது. ஈற்றொலி ஒன்றுவது இயைபு. ‘இயைபுக்கண்ணி’ என்று வைக்கலாம்.

- - -

கண்ணி அருமையான சொல். பூக்களை இரண்டிரண்டாக இடைவிட்டுத் தொடுப்பது கண்ணி, அதனால்தான் இரண்டிரண்டு அடிக்கும் அப்பெயர் என்பார்கள். ‘கண்ணி கார்நறுங் கொன்றை’ என்றுதான் புறநானூறே தொடங்குகிறது. தலையில் சூடுவது கண்ணி, மார்பில் அணிவது தார். போருக்குப் போகிறவனும் பூச்சூடித்தான் போனான். ஆகவே வீரம் கண்ணிக்குள்ளேயே இருக்கிறது. ‘வெட்சிக்கண்ணி’ என்றால் மூலத்தின் இரு சொல்லும் வந்துவிடும்.

- - -

ஐயா, வெட்சி ஆநிரை கவர்தலுக்கு உரியது. போப்பை அங்கே கொண்டுபோக வேண்டாம்.

கண்ணி எனக்கும் உடன்பாடே, ஆனால் அடிக்குறிப்பு தேவை. தூது நூல்களின் கலிவெண்பாவில் பொருள் ஒரு கண்ணியிலிருந்து அடுத்ததற்கு ஓடும். போப்பிடம் பெரும்பாலும் ஓடாது. தாயுமானவரின் பராபரக்கண்ணிதான் நெருக்கம். இன்னொன்று, ஸ்விஃப்ட் எழுதியதும் பெரும்பாலும் இயைபுள்ள ஈரடியே, ஆனால் அடிக்கு 8 அசை. அதனால் ‘ஐஞ்சீர் இயைபுக்கண்ணி’ என்றே சொல்ல வேண்டும். 1726இல் ஜேம்ஸ் தாம்சன் எழுதிய குளிர்காலக் கவிதையை ‘இயைபிலா ஐஞ்சீரடி’ என்று பக்கத்திலேயே வைக்கலாம்.

‘10 அசை’ என்பதுதான் பெரிய பிழை. போப்பின் கூந்தல் சுருள் கவிதையில் ஆன் அரசியைப் பற்றிய இரண்டடி (‘மூன்று நாடுகள் பணியும் ஆனாவே, இங்கே நீ சிலவேளை ஆலோசனை கொள்கிறாய், சிலவேளை தேநீர்’ என்பது பொருள்):

ஹியர் தௌ, கிரேட் ஆனா, ஹூம் த்ரீ ரெல்ம்ஸ் ஒபே,
டஸ்ட் சம்டைம்ஸ் கவுன்சில் டேக், அண்ட் சம்டைம்ஸ் டீ.

முதலடியில் ‘ஆனா’வோடு ஐந்தாவதில் நிறுத்தம், அடுத்ததில் ‘டேக்’கோடு ஆறாவதில். ஆனால் ‘ஒபே’ நமக்குக் குறிலும் நெடிலும் சேர்ந்த ஒரே நிரையசை, அவர்களுக்கு இரண்டு. நம் கணக்கில் எண்ணும் மாணவருக்கு 10 வராது. ‘10 உயிரொலி’ என்று போடுங்கள்.

‘ஒபே’வுக்கும் ‘டீ’க்கும் இயைபு எங்கே என்றும் கேட்பார்கள். அன்று தேநீரை ‘டே’ என்றும் ஒலித்தார்கள். இதை எழுதாவிட்டால் எடுத்துக்காட்டே பிழையாகத் தெரியும்.

- - -

> ஐஞ்சீர்

ஐஞ்சீரடிக்கு இலக்கணத்தில் பெயர் இருக்கும்போது எண்ணிக்கையை ஏன் ஒட்டவேண்டும்? அது நெடிலடி. ‘நெடிலடிக் கண்ணி’ என்போம். அலெக்சாண்டிரைன் அறுசீர், எனவே கழிநெடிலடி. தேவையற்ற அலெக்சாண்டிரைன் அடிபட்ட பாம்பாக ஊர்கிறது என்று 1711இல் போப் கண்டித்தாரே, அந்த அடியே 12 உயிரொலி! கழிநெடில் என்னும் சொல்லில் அந்த இழுவை கேட்கிறது.

மேற்கண்ட எடுத்துக்காட்டில் ‘டேக்’ ஒன்றே ஆலோசனைக்கும் தேநீருக்கும் வினையாகிறது. ஓரிடத்தில் நிற்கும் சொல் விளக்குப்போலப் பல இடத்துக்கும் பொருள் தரும் அணி, தண்டியலங்காரத்தின் தீவகம், இதுதான்.

- - -

தீவகம் இல்லை ஐயா. விளக்கு எல்லாப் பொருளுக்கும் ஒரே ஒளி தரும். இங்கே ஒரே வினை அரசாட்சியையும் தேநீரையும் ஒரு தட்டில் வைக்கிறது, சிரிப்பு அதிலிருந்துதான் பிறக்கிறது. தனி இழையில் பேசுவோம்.

நெடிலடி புலவருக்குப் புரியும். பாடநூல் இரண்டாமாண்டு மாணவருக்கு. ‘ஐஞ்சீர்’ எண்ணினாலே விளங்கும்.

- - -

வீரத்தை எல்லாரும் எளிதாகக் கைவிடுகிறீர்கள். கவிஞர் டிரைடன் 1697இல் ரோமக் கவிஞர் வர்ஜிலை மொழிபெயர்த்ததும், போப் 1715 முதல் 1720 வரை ஹோமரின் இலியதை மொழிபெயர்த்ததும் இந்த யாப்பில். காப்பியப் போருக்குரிய நடையில் ஒரு கூந்தல் சுருள் வெட்டப்படுவதைப் பாடியதால்தான் 1712இல் இரண்டு காண்டமாக வந்து 1714இல் ஐந்தாக விரிந்த கவிதை எள்ளலாகிறது. பெயரில் காப்பியம் இல்லாவிட்டால் எள்ளல் எங்கிருந்து வருகிறது என்று விளக்கவே முடியாது. ‘காப்பியக்கண்ணி’ என்பதே என் வாக்கு.

- - -

நன்றி. பெரும்பாலோர் சொன்னபடி முதல் இடத்தில் ‘ஐஞ்சீர் இயைபுக்கண்ணி’, பிறகு ‘கண்ணி’ மட்டும். உயிரொலித் திருத்தமும் ‘டே’ குறிப்பும் சேர்ந்துவிட்டன. நெடிலடி கலைச்சொல் பட்டியலில் அடைப்புக்குறிக்குள் வரும்.

- - -

காப்பியக்கண்ணி?

- - -

எள்ளல் காப்பியப் பகுதி நாளைதான் பக்க வடிவமைப்புக்குப் போகிறது. அங்கே ஒரு பத்தி எழுதித் தாருங்கள் ஐயா, காலை பத்து மணிக்குள்.