கார்டைப் போட்டால் 'ஃபார்மட் செய்யவா?' என்கிறது. படங்களை மீட்க முடியுமா?

கேள்வி:
வணக்கம். கேமராவின் 64 ஜிபி எஸ்டி கார்டை லேப்டாப்பில் போட்டால் ஃபார்மட் செய்யச் சொல்கிறது. கேமராவிலும் 'கார்டு எரர்'. அப்பாவின் கடைசிப் பிறந்தநாள் படங்கள் அதில்தான் இருக்கின்றன, வேறு காப்பி இல்லை. கை வைக்கவே பயமாக இருக்கிறது. என்ன செய்யட்டும்?

பதில் 1:
விண்டோஸில் டிஸ்க் பிழைகளைத் திருத்தும் செக்டிஸ்க் ஓட்டிப் பாருங்க. என் பென்டிரைவ் அதில்தான் சரியாச்சு.

பதில் 2:
தயவுசெய்து செக்டிஸ்க் இப்போது வேண்டாம். அது கார்டிலேயே எழுதித் திருத்தும். அந்தத் திருத்தத்திலேயே படங்கள் போய்விடலாம். கை வைக்காமல் இருந்தீர்களே, அதுவே பெரிய உதவி. கார்டில் எதுவும் எழுதப்படாமல் இருக்க, ஓரத்தில் உள்ள சின்ன ஸ்விட்சை 'லாக்' பக்கம் தள்ளிவிட்டு, விண்டோஸின் டிஸ்க் மேனேஜ்மென்டில் எத்தனை ஜிபி காட்டுகிறது என்று சொல்லுங்கள். ஒன்றுமே காட்டாவிட்டால் கார்டுக்குள் இருக்கும் கட்டுப்பாட்டுச் சிப்பான கன்ட்ரோலர் போயிருக்கலாம். அதற்கு மென்பொருள் உதவாது, நினைவகச் சிப்பிலிருந்தே நேரடியாகப் படிக்கும் தரவு மீட்பு லேப்தான் வழி.

கேட்டவர்:
59 ஜிபி, 'ரா' என்று காட்டுகிறதுங்க.

பதில் 2:
அப்பாடா. 'ரா' என்றால் கார்டில் இருப்பதை விண்டோஸால் அடையாளம் காண முடியவில்லை என்று அர்த்தம். எது எங்கே இருக்கிறது என்ற அட்டவணைதான் கெட்டிருக்கிறது, படங்கள் பெரும்பாலும் அப்படியே இருக்கும். ஆனால் பழுதான கார்டைத் திரும்பத் திரும்பப் படிக்க வைக்காதீர்கள். லினக்ஸில் டிடிரெஸ்க்யூ என்ற மென்பொருளை வைத்து முழுக் கார்டையும் அப்படியே நகலெடுத்து ஒரே இமேஜ் கோப்பாக எடுங்கள். எளிதில் வருவதை முதலில் அள்ளிக்கொண்டு, முரண்டு பிடிக்கும் இடங்களுக்குப் பிறகு திரும்பும். எதுவரை படித்தது என்று குறித்துவைக்கும் மேப் கோப்பையும் சேர்த்துக் கொடுத்தால், நடுவில் நின்றாலும் விட்ட இடத்திலிருந்து தொடரலாம்.

பிறகு அந்த இமேஜில் போட்டோரெக் என்ற மீட்பு மென்பொருளை ஓட்டுங்கள். இலவசம்தான். அட்டவணையைப் பார்க்காமல், ஜேபெக் தொடங்கும் அடையாள பைட்டுகளைத் தேடிப் படத்தை எடுக்கும். கோப்புப் பெயர்கள் போய்விடும், எடுத்த தேதி படத்துக்குள்ளேயே இருக்கும். மீட்பதைக் கார்டில் சேமிக்காதீர்கள்.

கேட்டவர்:
இமேஜ் எடுக்க ஒரு ராத்திரி முழுக்க ஆனது. படங்கள் அத்தனையும் வந்துவிட்டன! இரண்டு வீடியோ மட்டும் திறக்கவில்லை.

பதில் 2:
ரொம்ப சந்தோஷம். பெரிய வீடியோக்கள் கார்டில் துண்டு துண்டாகச் சிதறியிருந்தால் போட்டோரெக்கால் கோக்க முடியாது. முடிவுப் பகுதி மட்டும் விட்டுப்போயிருந்தால் அன்ட்ரங்க் என்ற மென்பொருள் சரிசெய்யக்கூடும். அதே கேமராவில், அதே செட்டிங்கில் எடுத்த நல்ல வீடியோ ஒன்றை மாதிரியாகக் கொடுக்க வேண்டும். இமேஜை அழித்துவிடாதீர்கள்.

கேட்டவர்:
ஒன்று ஓடுகிறது. படம் அங்கங்கே உடைகிறது, ஆனால் அப்பா பேசுவது தெளிவாகக் கேட்கிறது. அம்மாவைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினேன். இன்னொன்று வரவில்லை, இமேஜை இரண்டு டிஸ்க்கில் வைத்திருக்கிறேன்.