பாங்காக்கிலிருந்து ஒரே நாளில் மிதக்கும் சந்தையும் சயாம் மரண ரயிலும்: எதை வைப்பது, எதை விடுவது?

ஈப்போ_செல்வி:

வணக்கம். டிசம்பர் முதல் வாரத்தில் ஏழு பேர் பாங்காக் போகிறோம். அம்மாவுக்கு 71 வயது, முழங்கால் வலி, சுத்த சைவம். கூட இரண்டு பிள்ளைகள். மரண ரயில் பாதையும் பாலமும் இருக்கும் காஞ்சனபுரிக்கு ஒரு நாள்தான் ஒதுக்க முடியும். ஏஜென்ட் அனுப்பிய நிரல் இது: காலை 7க்கு ஹோட்டலில் ஏற்றி, டம்னன் சாடுவாக் மிதக்கும் சந்தை, தேங்காய்ச் சர்க்கரை காய்ச்சும் இடம், க்வாய் பாலம், போர்க் கல்லறை, மரண ரயில் பயணம், ஹெல்ஃபயர் பாஸ், மூங்கில் தெப்பம், இரவு 7க்கு மறுபடி ஹோட்டல்.

இவ்வளவும் ஒரே நாளில் நடக்குமா? எதையாவது வெட்ட வேண்டுமென்றால் எதை வெட்டலாம்? இரண்டாம் உலகப்போரில் அந்த ரயில் பாதை போட ஜப்பானியரால் மலாயாத் தோட்டப்புறத்திலிருந்து கொண்டுபோகப்பட்ட நம் ஆட்களுக்கென்று பார்க்க வேண்டிய இடம் ஏதாவது உண்டா? ஏஜென்டின் தாளில் அதைப்பற்றி ஒரு வரிகூட இல்லை.

மேகுலோங்_கரை:

நடக்காதுங்க. கணக்கைப் பாருங்கள். பாங்காக்கிலிருந்து சந்தைக்கு 100 கி.மீ., காலை நெரிசலில் 2 மணி நேரம். சந்தையிலிருந்து காஞ்சனபுரி ஒன்றே முக்கால். அங்கிருந்து ஹெல்ஃபயர் பாஸ் ஏறக்குறைய 80 கி.மீ., ஒன்றேகால் மணி. அங்கேயிருந்து நேராக பாங்காக் திரும்ப மூன்றரை. வேனுக்குள்ளேயே எட்டரை மணி நேரம் போய்விட்டது. மிச்சம் மூன்றரை மணியில் ஏழு இடம், சாப்பாடு, கழிப்பறை. இப்படிப்பட்ட நிரலில் எல்லா இடத்திலும் "20 நிமிஷம், போட்டோ எடுத்துட்டு வாங்க" என்றுதான் இறக்கிவிடுவார்கள்.

உங்கள் கூட்டத்துக்கு ஹெல்ஃபயர் பாஸை வெட்டுங்கள். ஆஸ்திரேலிய அரசு நடத்தும் அருமையான இடம், கட்டணம் கிடையாது, ஒலி வழிகாட்டியும் தருகிறார்கள். ஆனால் பார்வையாளர் மையத்திலிருந்து, ரயில் பாதைக்காகப் பாறை வெட்டிய பள்ளத்துக்குப் படிகளில் இறங்கி, அதே அளவு ஏற வேண்டும். முழங்கால் வலிக்கு ஆகாது. மூங்கில் தெப்பத்தையும் வெட்டுங்கள். உட்கார்ந்து எழ வசதி இல்லை, துணி நனையும், பார்க்கவும் பெரிதாக ஒன்றுமில்லை.

சந்தையை வைத்துக்கொள்ளலாம், ஒரு நிபந்தனையோடு: 7க்கு இல்லை, 5.30க்குக் கிளம்ப வேண்டும். 7.30க்குப் போய்ச் சேர்ந்தால் வாய்க்கால் இன்னும் வாய்க்காலாக இருக்கும். கஞ்சி, நூடுல்ஸ் விற்கும் பெண்கள் படகிலேயே அடுப்பு வைத்திருப்பார்கள்; பொமெலோ, மாங்காய், தேங்காய் ஏற்றிய படகுகளும் தெரியும். ஒன்பது மணிக்கு டூர் பஸ்கள் வந்தபின் நினைவுப்பொருள் கடைதான் மிச்சம்.

முக்கியமான எச்சரிக்கை: பிரதான சந்தைக்கு வரும் வழியில் சாலையோரம் தனியார் படகுத்துறைகள் நிறைய. ஓட்டுநர் அங்கே நிறுத்தி "இங்கேதான் படகு" என்றால் இறங்காதீர்கள். அதே சவாரிக்குப் பல மடங்கு விலை சொல்வார்கள். சந்தைக்குள்ளேயே போய் ஏறுங்கள். விலை படகுக்கா ஆளுக்கா, துடுப்புப் படகா மோட்டார் படகா, எத்தனை நிமிஷம், மூன்றையும் ஏறுமுன் கேட்டுவிடுங்கள். சந்தைக்குள் துடுப்புப் படகு போதும். படகும் படகும் உரசிக்கொண்டே போகும் என்பதால் பிள்ளைகள் விளிம்பைப் பிடித்திருக்கக் கூடாது, விரல் நசுங்கிவிடும்.

சர்க்கரை காய்ச்சும் இடத்தில் அரை மணி கொடுக்கலாம், அது வெறும் கடை இல்லை. தென்னம்பாளையைச் சீவி வடியும் சாறு புளிக்காமலிருக்க, நாம் பதநீருக்குச் சுண்ணாம்பு தடவுகிற மாதிரி, அவர்கள் கலயத்தில் பயோம் என்ற மரத்தின் சிராய்களைப் போடுவார்கள். வரிசையாக இரும்பு வாணலிகள். பொங்கி வழியும்போது அடியில்லாத மூங்கில் கூடையை வாணலிமேல் கவிழ்த்து நிறுத்துவார்கள். நுரை அதற்குள்ளேயே ஏறி ஏறி அடங்கும். பாகு இறுகியதும் இறக்கி, நிறம் வெளுக்கும் வரை கடைந்து அச்சில் ஊற்றுவார்கள். வாங்கும்போது ஒன்று: கல்லாட்டம் இருக்கிற வில்லையில் பெரும்பாலும் கரும்புச் சர்க்கரை கலந்திருக்கும். அசல் சரக்கு ஈரக்காற்றில் இளகிவிடும்.

இந்தச் சந்தையும் அந்தப் பாலமும் ஒரே ஆற்றைச் சேர்ந்தவை, டூர்காரர்கள் சொல்ல மாட்டார்கள். டம்னன் சாடுவாக் 1866-68இல் வெட்டிய 32 கி.மீ. வாய்க்கால், மேக்லோங் ஆற்றையும் தாச்சின் ஆற்றையும் இணைக்கிறது. க்வாய் யாயும் க்வாய் நோயும் காஞ்சனபுரி ஊரில் கூடி ஆகிற ஆறுதான் மேக்லோங். சந்தையிலிருந்து காஞ்சனபுரிக்குப் போவது அந்த ஆற்றுக்கு எதிரே மேலேறுவது. நடுவழியில் கரையோரம் பான் போங். மலாயாவிலிருந்து சரக்கு ரயிலில் அடைத்துக் கொண்டுவந்தவர்களை இறக்கிய ஊர். பாதை தொடங்கிய நோங் ப்லாடுக் சந்திப்பும் அதை ஒட்டித்தான்.

தண்டவாளம்:

மேலே சொன்னது சரி. காஞ்சனபுரிக்குள் வரிசையை மாற்றச் சொல்லுங்கள். வேன்கள் பாலத்தில்தான் முதலில் இறக்கும். முதலில் பார்க்க வேண்டியது தாய்லாந்து-பர்மா ரயில்வே மையம். ஒரு மணி நேரமாவது கொடுங்கள். 415 கி.மீ. பாதை, 1942 பிற்பகுதியில் இரு முனையிலிருந்தும் தொடங்கி, 1943 அக்டோபர் 17 அன்று கொன்கொய்த்தாவில் இணைந்தது. எங்கே, எப்படி, ஏன் அவ்வளவு பேர் செத்தார்கள் என்பதை வரைபடமும் மாதிரியும் வைத்து விளக்கியிருக்கிறார்கள். பாலத்தருகே போர் அருங்காட்சியகம் என்று பலகை மாட்டிய வேறு இடமும் உண்டு. மெழுகு பொம்மை, பழைய மோட்டார் சைக்கிள் என்று கதம்பம். நேரம் இருந்தால் மட்டும்.

மையத்துக்கு அடுத்தாற்போல் போர்க் கல்லறை. 6,982 பேர், பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சுப் போர்க் கைதிகள். ஒவ்வொருவருக்கும் பெயர் பொறித்த தகடு, சீராக வெட்டிய புல். இரண்டு குழிகளில் மட்டும் 300 பேரின் சாம்பல் ஒன்றாக இருக்கிறது. வாயிலருகே நினைவிடத்தில் இந்தியப் படையைச் சேர்ந்த 11 பேரின் பெயர்கள் தனியே உண்டு. தாய்லாந்தின் முஸ்லிம் இடுகாடுகளில் புதைக்கப்பட்டு, அந்தக் குழிகளைப் பராமரிக்க முடியாமல் போனவர்கள். அதைத் தேடிப் பாருங்கள், கைடுகள் காட்டுவதில்லை.

இனி நீங்கள் கேட்டது. கைதிகளில் இறந்தவர் ஏறக்குறைய 13,000. ஆசியத் தொழிலாளிகளில் 80,000 முதல் 1,00,000 வரை என்பது காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் மதிப்பீடு. தமிழர், மலாய்க்காரர், பர்மியர், ஜாவாக்காரர் எல்லாரும் அதில். கைதிகளுக்குப் படை அமைப்பு இருந்தது, கூடவே மருத்துவர்கள் இருந்தார்கள், இறந்தவன் பெயரை எழுதிவைக்க ஆள் இருந்தது. ரப்பர் தோட்டத்திலிருந்து வந்தவர்களுக்கு மூன்றும் இல்லை. 1943 மழையில் காலரா பரவியபோது கூலி முகாம்கள் அப்படியே காலியானதற்குக் காரணம் அதுதான்.

அவர்களுக்கான இடம் வாட் தாவோன் வராராம், கல்லறைக்குப் பக்கத்தில் நடந்துபோகும் தூரத்தில் உள்ள வியட்நாமிய பாணிக் கோயில். கூட்டாகப் புதைத்தவர்களின் எலும்புகள்மேல் எழுப்பிய நினைவுத் தூபி அங்கே உண்டு. தமிழர்களுக்காக நட்ட நடுகல்லும் அங்கேதான். எந்த டூர் நிரலிலும் இது வராது. வேன் ஓட்டுநரிடம் கோயில் பெயரைத் தாய் எழுத்தில் காட்டி, 30 நிமிஷம் முன்கூட்டியே பேசி வையுங்கள். பூ கொண்டுபோகலாம். தோளும் முழங்காலும் மூடிய உடை வேண்டும்.

இன்னொன்று, பாலத்துக்கு அருகில் 1944இல் ஜப்பானிய ரயில்வே படையே கட்டிய நினைவுத்தூண். அதன் பலகைகளில் ஒன்று தமிழில். கட்டியவன் யார், யாருக்காகக் கட்டினான் என்று யோசித்தால் வயிறு எரியும். ஆனால் பார்க்காமல் வரக்கூடாது.

பாலத்தைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. வளைந்த இரும்புச் சட்டங்கள் ஜாவாவிலிருந்து கொண்டுவந்த அசல். நடுவில் கோணமாக நிற்கும் இரண்டும் குண்டுவீச்சுக்குப்பின் மாற்றியவை. ரயில் வந்தால் ஒதுங்க இடையிடையே மேடை உண்டு. மெதுவாகத்தான் வரும், பயப்பட வேண்டாம். தகடுகளுக்கிடையே இடுக்கு இருக்கிறது, கைபேசி விழுந்தால் ஆற்றுக்குத்தான்.

நீங்கள் போகும் வாரத்தைக் கவனியுங்கள். நவம்பர் கடைசியிலிருந்து டிசம்பர் முதல் வாரம் வரை பாலத்தில் வழக்கமாக ஒலி-ஒளி விழா நடக்கும். மாலையில் அந்தப் பக்கம் வண்டி நகராது. பாலத்தை 3 மணிக்குள் முடித்துவிடுங்கள். டிசம்பர் 5 வேறு பொது விடுமுறை.

ஈப்போ_செல்வி:

மிக்க நன்றி, இரண்டு பேருக்கும். அப்படியானால் ரயில்? பிள்ளைகள் அதற்காகத்தான் வருகிறார்கள். அம்மாவின் சாப்பாட்டுக்கு என்ன செய்வது? தாத்தாவின் அண்ணன் ஒருவர் சயாமுக்குப் போய்த் திரும்பவில்லை. அந்த மையத்தில் பெயர் தேடித் தருவார்களா?

தண்டவாளம்:

பெயர் தேடல்: கைதிகள் என்றால் அவர்களிடம் விரிவான பதிவு உண்டு. தோட்டத் தொழிலாளிகளுக்கு அப்படிப்பட்ட பட்டியலே எழுதப்படவில்லை, ஆகவே பெரிய எதிர்பார்ப்போடு அம்மாவை அழைத்துப் போகாதீர்கள். தோட்டத்தின் பெயர், போன ஆண்டு, யார்யார் கூடப் போனார்கள் என்பதை வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு எழுதி வையுங்கள். உங்கள் பக்கத்தில் அதுதான் இனிக் கிடைக்கக்கூடிய ஆவணம்.

ரயில்: சந்தையும் ரயிலும் ஒரே நாளில் ஒரு வழியில்தான் பொருந்தும். சந்தையை 8.30க்கு விட்டு, காஞ்சனபுரி நிலையத்தில் சுமார் 10.35க்கு வரும் நாம் டோக் (Nam Tok, பாதையின் கடைசி நிலையம்) வண்டியைப் பிடிப்பது. அந்த வண்டி தோன்புரியில் காலை 7.45க்குக் கிளம்புகிறது. வெளிநாட்டவருக்குத் தூரம் எவ்வளவானாலும் 100 பாட். மூன்றாம் வகுப்பு, மின்விசிறி, திறந்த சன்னல். போகும்போது இடப்பக்கம் உட்காருங்கள். தாம் க்ராசேயில் பாறையை ஒட்டி மரக்கால்களின் மேல் வண்டி ஊர்ந்துபோகும், கீழே க்வாய் நோய். அங்கே இறங்கி, முன்னதாக வந்து நிற்கும் வேனில் திரும்பலாம். நாம் டோக் வரை போக வேண்டியதில்லை.

சிக்கல் எங்கே என்றால், இந்தப் பாதை வண்டிகள் அரை மணி, ஒரு மணி தாமதமாவது சாதாரணம். அதனால் ரயிலை முதலில் முடித்து, மையம், கல்லறை, கோயில், பாலம் ஆகியவற்றைப் பிற்பகலில் வையுங்கள். மையம் 4 மணிக்கு மூடிவிடலாம் என்று வைத்தே கணக்குப் போடுங்கள். ரயிலிலிருந்து திரும்பினதும் நேரே அங்கே. வண்டி மிகவும் தாமதமானால் ரயிலைக் கைவிட்டு வேனிலேயே தாம் க்ராசே போய், அந்த மரக்கால் பாலத்தின்மேல் கொஞ்சம் நடந்துவிட்டு வந்துவிடுங்கள். பிள்ளைகள் முகம் தூக்குவார்கள், பரவாயில்லை.

மேகுலோங்_கரை:

சாப்பாடு: "கின் ஜே" என்று சொல்லச் சொல்லுங்கள். ஜே என்றால் இறைச்சி, மீன், முட்டை, மீன் சாறு எதுவும் வராது. வெங்காயம் பூண்டும்கூட வராது. மஞ்சள் கொடியில் சிவப்பு எழுத்து இருந்தால் ஜே கடை. வெறுமனே "காய்கறி மட்டும்" என்றால் மீன் சாறு ஊற்றித்தான் வதக்குவார்கள், அவர்கள் கணக்கில் அது அசைவமே இல்லை. டூரோடு சேர்ந்த மிதவை உணவகத்தில் முன்னாடியே சொல்லாவிட்டால் சோறும் வெள்ளரிக்காயும்தான். சந்தையில் பொமெலோ, தேங்காய் அப்பம் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

ரயில் வேண்டாம் என்று முடிவானால் அந்த நேரத்தை ஆற்றுக்குக் கொடுங்கள். பாலத்தடியிலிருந்து நீளவால் படகில் ஆறுகள் கூடும் இடம் வந்து, க்வாய் நோயில் திரும்பி சுங்காய் போர்க் கல்லறை. ஏறக்குறைய 1,740 பேர், ஆற்றங்கரையிலேயே, கூட்டமே இருக்காது. வழியெல்லாம் மிதவை வீடுகளும் கரையோரத் தோட்டங்களும். ஆனால் ஆற்றின் மட்டம் மேலே உள்ள அணை திறப்பதைப் பொறுத்து ஏறி இறங்கும். தண்ணீர் குறைவாக இருக்கும் நேரத்தில் துறையின் கடைசிப் படிக்கும் படகுக்கும் நல்ல இறக்கம். இருக்கையும் தரையோடு தாழ்வு. அம்மா ஏறுமுன் படகோட்டியை மிதவைத் துறைக்குக் கொண்டுவரச் சொல்லுங்கள், பாலத்தருகே மிதவை உணவகங்களின் ஓரத்தில் சமமாக ஏறலாம்.

ஏஜென்டிடம் எழுத்தில் வாங்க வேண்டியவை: உரிமம் உள்ள கைடா, வெறும் ஓட்டுநரா, எந்தெந்த நுழைவுச் சீட்டு சேர்ந்தது, ரத்தினக் கடை, யானைச் சவாரி நிறுத்தம் கிடையாது என்ற உறுதி. ஏழு பேர் என்றால் தனி வேனே எடுங்கள், சேர்ந்துபோகும் டூரில் கோயிலுக்கு நிறுத்த மாட்டார்கள்.

ஏஜென்ட் "காலையில் பாங்காக்கிலிருந்தே ரயிலில் போகலாம்" என்றால், அந்த வண்டி ஹுவா லம்போங்கிலோ புதிய பெரிய நிலையத்திலோ வராது. ஆற்றுக்கு அந்தப் பக்கம், சிரிராஜ் மருத்துவமனைக்குப் பக்கத்தில் உள்ள தோன்புரி நிலையம்.