எறும்பு முட்டையைத் தூக்கினால் படுதாவை எடு

விளாத்திகுளத்தான்:
போன வருஷம் தை மாதம். களத்தில் உளுந்துச் செடியைப் பிடுங்கிக் காயப் போட்டிருந்தோம். போனில் பார்த்தேன், மழைக்கு 10 சதவீதம்தான் வாய்ப்பு. சரி என்று கட்டிலில் சாய்ந்துவிட்டேன். ஆச்சி கல்தூணுக்குப் பக்கத்தில் குத்தவைத்து எதையோ பார்த்துக்கொண்டிருந்தாள். "எலேய், முட்டையத் தூக்கிட்டு ஏறுது. படுதாவ எடு." கிட்டப் போய்ப் பார்த்தேன். குருணை அரிசி மாதிரி வெள்ளையாக ஆளுக்கு ஒன்றைக் கவ்விக்கொண்டு, தூணில் ஒரே வரிசை. ஆச்சியிடம் வாதாடுவதைவிடப் படுதா விரிப்பது சுலபம். ராத்திரி இரண்டு மணிக்குத் தகரத்தில் சடசடவென்று விழுந்தது. காலையில் அவள் ஒன்றும் சொல்லவில்லை. காப்பியைக் கொடுத்துவிட்டு ஒரு பார்வை பார்த்தாள், அவ்வளவுதான்.

கொங்குப் புஞ்சை:
மயில் அகவினால் மழையாம். அப்படிப் பார்த்தால் எங்கள் கோவைப் பக்கம் என்றைக்கோ மூழ்கியிருக்க வேண்டும். விதைத்ததைக் கொத்தித் தின்றுவிட்டுத் தினமும்தான் அகவுகின்றன.

மொட்டைமாடி:
எனக்கு நடந்தது வேறு. சென்னையில் அபார்ட்மென்ட். படிக்கட்டுச் சுவரில் இதே முட்டை ஊர்வலம். வீட்டில் எல்லோரையும் விரட்டிக் கொடியில் கிடந்த துணியை எடுக்க வைத்தேன். மூன்று நாள் வெயில் கொளுத்தியது. அப்புறம்தான் தெரிந்தது, மேலே தண்ணீர்த் தொட்டி வழிந்து சுவரோரம் ஊறியிருக்கிறது. புற்றில் ஈரம் ஏறினால் முட்டையையும் புழுவையும் காய்ந்த இடத்துக்குக் கடத்துகிறது. அதற்கு மழை என்ன, தொட்டித் தண்ணீர் என்ன! மனைவி இன்றும் சொல்லிக் காட்டுகிறாள். புறநானூறு 173ஆம் பாட்டில், பண்ணன் என்ற வள்ளல் வீட்டுச் சோற்றைக் கையில் ஏந்திப் போகும் பிள்ளைகளை, மழைக்கு முன் முட்டையோடு மேடு தேடும் எறும்பு வரிசைக்கு ஒப்பிட்டிருக்கிறது. நான் ஏமாந்தது பெரிய இடத்தில்தான் என்று ஓர் ஆறுதல்.

வேதாரண்யத்தான்:
எங்களுக்குத் தட்டான். 'தட்டான் தாழப் பறந்தால் தப்பாமல் மழை.' ஐப்பசியில் உப்பளத்தின் மேல் முழங்கால் உயரத்தில் கூட்டமாகத் திரிந்தால், அப்பா உப்புக் குவியலைக் கீற்றுப் போட்டு மூடச் சொல்லிவிடுவார். மழைக் குட்டைகளில் முட்டையிடும் ஒரு தட்டான் இனம், அக்டோபர் வாக்கில் இந்தியாவிலிருந்து கடல் தாண்டி மாலத்தீவில் இறங்கி, அப்படியே ஆப்பிரிக்கா வரை போகிறது என்று 2009இல் சார்ல்ஸ் ஆண்டர்சன் என்ற உயிரியலாளர் எழுதினார். அப்பாவிடம் சொன்னேன். "அம்மாந் தூரமா?" என்று கேட்டவர், மறுநாளிலிருந்து தட்டான் வாலில் நூல் கட்டும் பேரனைத் திட்ட ஆரம்பித்துவிட்டார்.

விளாத்திகுளத்தான்:
மொட்டைமாடி சார், உங்கள் தொட்டிக் கதையை ஆச்சிக்குப் படித்துக் காட்டினேன். "தண்ணி வருதுன்னுதான சொல்லுச்சு, வந்துச்சுல்லா?" என்கிறாள்.