கவுண்டமணி காமெடிக்கு என் மகள் சிரிக்கவே இல்லை

நொய்யல்கரை:
போன ஞாயிறு பெருந்துறை வீட்டில் டிவியில் 'கரகாட்டக்காரன்' ஓடியது. 1989-ல் அது வந்தபோது எனக்குப் பத்து வயது, மாமாவோடு தரை டிக்கெட், கவுண்டமணி செந்திலை அடிக்கிற வாழைப்பழக் காமெடிக்குச் சிரித்த சிரிப்பில் பக்கத்து ஆளின் கடலைப் பொட்டலத்தையே தட்டிவிட்டேன். இப்போதும் எனக்குச் சிரிப்பு வந்தது. பன்னிரண்டு வயது மகள் மட்டும் போனிலிருந்து தலையைத் தூக்கி, "ஏனுங்கப்பா, அவரு எதுக்கு அவர அடிச்சுட்டே இருக்காரு?" என்றாள். என்ன சொல்வது என்றே தெரியவில்லை. ரசனை மாறியது அவளுக்கா, நமக்கா?

உடுமலைப்பையன்:
அண்ணா, கவுண்டமணி எங்க பக்கம், வல்லகுண்டாபுரம். அவரை விட்டுக்கொடுக்க மனசு வராது. நாம் சிரித்தது அடிக்கு இல்லைங்க, அந்தப் பேச்சுக்கு. வீட்டில் பெரியப்பா பேசுகிற மாதிரியே திரையில் ஒருத்தர் பேசினால் சும்மா இருக்க முடியுமா? ஆனால் 'அமைதிப்படை' (1994) போட்டுப் பாருங்கள். சூலூர்க்காரர் மணிவண்ணன் இயக்கி, சத்யராஜோடு சேர்ந்து அடித்த லொள்ளு இன்றைக்கும் அப்படியே நிற்கிறது, ஏனென்றால் அடி விழுவது பதவியில் இருக்கிறவன் மேல். கோயமுத்தூர்க் குசும்பு என்றால் அதுதான்.

அம்மணி_கோபி:
பேச்சுக்குத்தான் சிரித்தோம் என்பது பாதி உண்மைங்க. நிறத்தையும் வழுக்கையையும் வைத்து எத்தனை பட்டப்பெயர்! படத்தில் வந்த ஒன்றை மறுநாளே வகுப்பில் என் தலையில் கட்டினார்கள், பத்தாவது முடிக்கும்வரை என் சொந்தப் பெயரை எவனும் கூப்பிடவில்லை. கூத்து என்னவென்றால், அந்த சீனுக்கு நானும்தான் சிரித்திருக்கிறேன். இப்போது அது வந்தால் சேனலை மாற்றிவிடுவேன், வாழைப்பழத்துக்கு மாற்ற மாட்டேன். அண்ணா, பாப்பாவுக்கு 'சதி லீலாவதி' (1995) காட்டுங்கள். கமலும் கோவை சரளாவும் நம்ம பேச்சில் பேசுவார்கள், உதை கொடுத்துச் சிரிப்பு வாங்கவில்லை.

நொய்யல்கரை:
நேற்று ராத்திரி போட்டேன். முதல் அரைமணி நேரம் போனைக் கீழே வைக்கவில்லை. அப்புறம் சரளா ஏதோ நீட்டி முழக்கிப் பேசவும் எழுந்து உட்கார்ந்து, "அப்பா, நம்ம அம்மாயி மாதிரியே பேசறாங்க!" என்று ஒரே சிரிப்பு. அம்மாயிக்கு உடனே வீடியோ கால் வேறு. அவங்க தூக்கத்தில் எழுந்து எடுத்து, "இந்நேரத்துக்கு என்ன கண்ணு சினிமா?" என்று திட்டினதுக்கு இன்னும் சத்தமாகச் சிரித்தாள்.