குலை வெட்டும் தோளுக்குக் கிழி: சுங்கை சிப்புட் தம்பியிடம் போகிறவர்கள் தெரிந்துகொள்ள

ஈப்போவிலிருந்து

சுங்கை சிப்புட் தம்பி, மலேசியாவின் பேராக் மாநிலத்து அந்த ஊரில் உடம்பு நீவி, இலைகளை வறுத்துத் துணியில் முடிந்த கிழியை ஒற்றி, மூச்சுப் பயிற்சியும் சொல்லித் தருகிறவர். அவரிடம் போகிறவர்களுக்காக மூன்று ஊர்களிலிருந்து வந்த குறிப்புகள் இவை. சின்ன வயதில் தொலைக்காட்சி நாடகங்களில் வந்த முகம் என்பதால்தான் பலர் முதலில் அங்கே போகிறார்கள். சுவரில் அந்தக் காலப் படம் ஒன்றுகூட இல்லை. உட்கார வைத்ததும் கேள்விகள்தான்: இனிப்புநீர் (சர்க்கரை நோய்) உண்டா, ரத்தக் கொதிப்புக்கு எந்த மாத்திரை, ரத்தம் உறையாமலிருக்க வார்ஃபரின் சாப்பிடுகிறீர்களா, ஒரு கால் மட்டும் வீங்கிச் சூடாக இருக்கிறதா?

கடைசிக் கேள்விக்கு ஆமாம் என்றால் தொடவே மாட்டார், அன்றைக்கே மருத்துவமனைக்குப் போகச் சொல்வார். கெண்டைக்கால் ரத்தக்குழாய்க்குள் ரத்தம் உறைந்து கட்டியிருந்தால், நீவும்போது அது பெயர்ந்து நுரையீரலை அடைக்கக்கூடும். வார்ஃபரின் எடுப்பவருக்கு அழுத்திப் பிடித்தால் உள்ளே ரத்தம் கன்றிவிடும். மாத்திரைப் பெயர் நினைவில்லை என்றால் அட்டையையே கையில் எடுத்துப் போங்கள். தெரிந்த முகம் என்ற உரிமையில் "அதெல்லாம் ஒன்றுமில்லை தம்பி" என்று மறைக்கிறார்கள் பாருங்கள், அதுதான் கவலையாக இருக்கிறது.

சுங்கை சிப்புட்டிலிருந்து

செம்பனை, அதாவது எண்ணெய்ப்பனைத் தோட்டத்தில் குலை வெட்டுகிறவர்களின் வலியை அவர் பிரித்துப் பார்க்கிற விதத்தைச் சொல்ல வேண்டும். மரம் குட்டையாக இருக்கும்வரை குலையை உளியால் குத்தி வெட்டுவார்கள். அப்போது அடி வாங்குவது மணிக்கட்டும் முழங்கையும். மரம் வளர்ந்த பிறகு நீண்ட கம்பு நுனியில் அரிவாளை மாட்டி, நாள் முழுக்க அண்ணாந்து இழுக்க வேண்டும். பிடரியிலிருந்து தோள்பட்டைவரை இறுகிப்போகும். வெட்டிய குலை 20 கிலோ இருந்தாலும் தூக்கித் தள்ளுவண்டியில் போட்டாக வேண்டும், அது இடுப்பைப் பிடிக்கும். தோள்வலி என்று வந்தவரிடம் இப்போது உளியா அரிவாளா என்று கேட்டுவிட்டுத்தான் கை வைப்பார். கழுத்தில் சொடுக்கு எடுப்பதே இல்லை. கழுத்தை வெடுக்கென்று திருப்பினால் மூளைக்குப் போகிற ரத்தக்குழாயின் உட்சுவர் கிழிந்து பக்கவாதம் வரலாம். சொடுக்கு எடுத்தால்தான் வைத்தியம் என்று நினைப்பவர்கள் ஏமாற்றத்தோடு திரும்புகிறார்கள். என் பார்வையில் அவர் செய்வதே சரி.

இறுகின தோளுக்கு அவர் கட்டுவது இலைக்கிழி. இரண்டு கிழிக்கான அளவு: நொச்சி இரண்டு கைப்பிடி, முருங்கையும் புளிய இலையும் ஒவ்வொரு கைப்பிடி, ஆமணக்கு இலை இரண்டு, துருவிய தேங்காய் அரை மூடி, வட்டமாக நறுக்கிய எலுமிச்சை ஒன்று. இலைகளைக் கழுவி, ஈரம் துளியும் இல்லாமல் துடைத்து, அரிந்துகொள்ள வேண்டும். கனமான சட்டியில் இரண்டு மேசைக்கரண்டி நல்லெண்ணெய் விட்டு, சின்னத் தீயில் முதலில் தேங்காய், எலுமிச்சை, பிறகு இலை. தேங்காய் பொன்னிறமானதும் இறக்கி, இரண்டு பங்காக்கி, முக்கால் முழத் துணியில் இறுக்கிக் கட்டுவார். துணி பழைய பருத்தி வேட்டியாக இருக்க வேண்டும். பாலியெஸ்டர் சூட்டில் உருகித் தோலில் ஒட்டிக்கொள்ளும்.

சட்டியில் ஒரு கிழி சூடாகிக்கொண்டிருக்க, மற்றது உடம்பில். ஒவ்வொரு முறையும் தன் மணிக்கட்டின் உட்பக்கம் வைத்துப் பார்த்த பிறகே உங்கள்மேல் வைப்பார். முதலில் ஒற்றி ஒற்றி எடுப்பார், சூடு தணியத் தணிய அழுத்தித் தேய்ப்பார். மொத்தம் 15, 20 நிமிடம்.

வீட்டில் செய்பவர்கள் சறுக்குவது பெரும்பாலும் ஈரத்தில்தான். இலையில் தண்ணீர் நின்றால் கிழிக்குள் ஆவி கட்டும். வெளித்துணி தொடுவதற்கு இதமாக இருந்தாலும் அழுத்தியவுடன் ஆவி பீறிட்டுத் தோலைப் பொசுக்கிவிடும். இனிப்புநீரால் பாதம் மரத்துப்போனவர்களுக்குச் சூடு உறைக்காது, அதனால் அவர்கள் பாதத்தில் கிழியே வைக்கக்கூடாது. சுளுக்கி இரண்டு நாள்கூட ஆகாத இடத்துக்கும் வேண்டாம், வீக்கம் கூடும். அதற்குத் துணியில் சுற்றிய ஐஸ்தான். ஒரு நாள் கட்டிய கிழியை மறுநாளும் பயன்படுத்தாதீர்கள். நம் ஊர் வெக்கையில் தேங்காய் சிக்கு வாடை அடித்துவிடும்.

கோலகங்சாரிலிருந்து

எண்ணெய்க்கும் அளவு உண்டு. முதுகுக்கு 30 மில்லி போதும், அதற்கு மேல் ஊற்றினால் கை வழுக்குமே தவிர தசையைப் பிடிக்காது. கிண்ணத்தை வெந்நீரில் வைத்துத்தான் சூடாக்குவார். அடுப்பில் நேராக வைத்தால் எண்ணெய் சட்டென்று அளவுக்கு மேல் சூடேறிவிடும்.

மூச்சுப் பயிற்சியில்தான் அவருடைய பழைய தொழில் தெரிகிறது. கேமரா முன் அசையாமல் நின்று, குறித்த நொடியில் வசனம் சொல்லிப் பழகிய குரல், அவசரமே இல்லை. உள்ளே நான்கு எண்ணிக்கை, வெளியே ஆறு. உங்கள் விலா எழுவதைப் பார்த்துத்தான் அடுத்த எண்ணைச் சொல்வார். விரல் நுனியோ உதடோ குறுகுறுத்தால் அதிகமாக இழுத்து விடுகிறீர்கள் என்று அர்த்தம்: ரத்தத்தில் கரியமில வாயு குறைந்துவிட்டது. நிறுத்திவிட்டு வழக்கம்போல் மூச்சு விட்டால் சரியாகிவிடும். வயிற்றை வெடுக்கென்று உள்ளிழுத்து வேகமாக மூச்சை வெளியே தள்ளும் கபாலபாதியை ரத்தக் கொதிப்புள்ளவர்களுக்கும் கர்ப்பிணிகளுக்கும் சொல்லித் தருவதில்லை.

ஈப்போவிலிருந்து

தைலம், லேகியம் கேட்கிறவர்களுக்கு: குடிக்கிற மருந்து எதையும் அவர் விற்பதில்லை. அவரைக் காட்டி வேறு யாராவது விற்றால் டப்பாவைத் திருப்பிப் பாருங்கள். மலேசியாவில் பதிவான பாரம்பரிய மருந்தில் MAL என்று தொடங்கி எட்டு இலக்கமும், அடுத்து T என்ற எழுத்தும் இருக்கும். அந்த எண்ணை தேசிய மருந்து ஒழுங்குமுறை நிறுவனத்தின் இணையத் தேடலில் போட்டால் பொருளின் பெயர் வரவேண்டும். பசார் மாலாம் என்கிற இரவுச் சந்தையில் மூட்டுவலிக்கென்று விற்கும் பதிவில்லாத மாத்திரைகளில் டெக்ஸாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு கலந்திருந்து பிடிபட்டிருக்கிறது. இரண்டே நாளில் வலி பறந்துவிட்டது என்றால் அங்கேதான் சந்தேகப்பட வேண்டும். முகம் உப்பும், சர்க்கரை ஏறும். பல வாரம் சாப்பிட்டவர் சட்டென்று நிறுத்தினால் மயங்கி விழவும் கூடும். ஆகவே டப்பாவோடு அரசாங்க கிளினிக்குக்குப் போய், டாக்டர் சொல்கிறபடி குறையுங்கள்.

2016ஆம் ஆண்டின் பாரம்பரிய, துணை மருத்துவச் சட்டம் ஏழு துறைகளை ஏற்றிருக்கிறது. சித்தமும் ஆயுர்வேதமும் இந்தியப் பாரம்பரிய மருத்துவம் என்ற துறையில் அடங்கும். வைத்தியர் என்று சொல்லிக்கொள்பவரிடம் பதிவுச் சான்றிதழைக் கேட்பது மரியாதைக் குறைவல்ல.

சுங்கை சிப்புட்டிலிருந்து

வயதானவர்களை அழைத்துப் போகிறவர்களுக்கு: முடிந்ததும் நேராக எழுப்பாதீர்கள். ஒருக்களித்து, கையூன்றி உட்கார்ந்து, ஐந்து நிமிடம் கழித்து எழட்டும். கொதிப்பு மாத்திரை சாப்பிடுபவருக்குத் தலை சுற்றும். உள்ளங்காலை வெந்நீர்த் துணியால் துடைத்துவிட்டுச் செருப்புப் போடுங்கள், சிமெண்டுத் தரையில் எண்ணெய்க் கால் வழுக்கும். மோட்டார் சைக்கிளின் பின்னால் உட்கார வைத்துக் கூட்டிப்போக வேண்டாம், கார் கிடைக்கிற நாளாகப் பார்த்துப் போங்கள்.